சட்டையின் விலையும் சம்பளச் சீட்டும்: உலகமயமாக்கல், ஏற்றத்தாழ்வு பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பெங்களூரு ஸ்ரீராமபுரத்தில் ஒரு மாடி அறையில், ஞாயிறு மாலைகளில் கல்லூரிப் பிள்ளைகளுக்குப் பொருளாதாரம் சொல்லித்தருகிறேன். பெரும்பாலும் தமிழ்க் குடும்பங்கள். திருவண்ணாமலை, வேலூர், தருமபுரிப் பக்கமிருந்து தாத்தா காலத்தில் வந்தவர்கள். ஒரே வீட்டில் அம்மா கார்மென்ட்ஸுக்குப் போவார், அண்ணன் உணவு டெலிவரிக்கு வண்டி ஓட்டுவார், சித்தப்பா மகள் மென்பொருள் நிறுவனத்தில் இருப்பார். அதனால் உலகமயமாக்கலும் வருமான ஏற்றத்தாழ்வும் என்ற பாடம் வந்தால் கேள்விகள் நிற்பதே இல்லை. திரும்பத் திரும்பக் கேட்கப்பட்டவற்றை இங்கே எழுதி வைக்கிறேன்.

உலகமயமாக்கல் என்று எதைச் சொல்கிறோம்?

பொருள், பணம், தொழில்நுட்பம், வேலை, ஆட்கள் ஆகிய ஐந்தும் நாட்டு எல்லையைத் தாண்டிப் போய்வருவது பெருகுவதைத்தான். ஆனால் ஐந்தும் ஒரே வேகத்தில் போவதில்லை. பணம் நொடியில் போய்விடுகிறது. கப்பல் சரக்குக்குச் சில வாரங்கள் ஆகும். ஆள் போக வேண்டுமென்றால் விசாவுக்குக் காத்துக்கிடக்க வேண்டும். ஏற்றத்தாழ்வுக் கதையில் பாதி இந்த வேக வித்தியாசத்தில் அடங்கியிருக்கிறது.

இந்தியாவுக்கு இந்தக் கதவு அகலத் திறந்தது 1991-இல். கையில் இருந்த அந்நியச் செலாவணி சில வார இறக்குமதிக்குத்தான் போதும் என்ற நிலை. தங்கத்தை அடகு வைத்தோம். ஜூலை 24 அன்று நரசிம்ம ராவ் அரசின் நிதியமைச்சர் மன்மோகன் சிங் தாக்கல் செய்த பட்ஜெட்டில் இருந்து பாதை மாறியது.

சரி, அதனால் ஏற்றத்தாழ்வு கூடியதா, குறைந்ததா?

இரண்டும் நடந்தது. எங்கே நின்று பார்க்கிறோம் என்பதைப் பொறுத்தது.

நாட்டுக்கும் நாட்டுக்கும் இடையே குறைந்தது. சீனாவில் 1978-க்குப் பிறகு சுமார் 80 கோடிப் பேர் கொடிய வறுமையில் இருந்து மீண்டதாக உலக வங்கி கணக்கிடுகிறது. மனித வரலாற்றில் இதற்கு முன் இப்படி ஒன்று நடந்ததில்லை. உலகமயமாக்கலைத் திட்டும்போதெல்லாம் இந்த எண்ணை ஒரு தரம் நினைத்துக்கொள்வது நியாயம்.

நாட்டுக்குள்ளே கூடியது. 2022-ஆம் ஆண்டின் உலக ஏற்றத்தாழ்வு அறிக்கை இதை எளிமையாகக் காட்டுகிறது. உலகின் பணக்கார நாடுகளுக்கும் ஏழை நாடுகளுக்கும் இடையே சராசரி வருமான வித்தியாசம் ஏறக்குறைய 50 மடங்காக இருந்தது. இருபது ஆண்டுகளில் 40 மடங்குக்குச் சற்றுக் கீழே இறங்கியது. அதே இருபது ஆண்டுகளில், ஒரே நாட்டுக்குள் மேல்தட்டு 10 சதவீதத்தினருக்கும் கீழ்ப்பாதி மக்களுக்கும் இடையேயான வித்தியாசம் 8.5 மடங்கில் இருந்து 15 மடங்காக ஏறியது.

கடலுக்கு அப்பால் இருந்த தூரம் ஊருக்குள் வந்து உட்கார்ந்துகொண்டது என்று பிள்ளைகளிடம் சொல்வேன். பெங்களூரில் இருப்பவர்களுக்கு இதை விளக்கிச் சொல்லத் தேவையில்லை. ஒயிட்ஃபீல்டில் கண்ணாடிக் கட்டடத்தின் வாசலில் நிற்கும் காவலாளியும், மேலே ஆறாவது மாடியில் இருக்கும் பொறியாளரும் ஒரே லிஃப்டில் ஏறுகிறார்கள்.

'யானை வளைவு' என்று ஒன்று தேர்வில் கேட்டிருந்தார்கள். அது என்ன?

பிராங்கோ மிலனோவிச், கிறிஸ்டோஃப் லாக்னர் என்ற இரு பொருளாதார அறிஞர்கள் வரைந்த படம் அது. உலக மக்கள் அனைவரையும் ஏழையில் இருந்து பணக்காரர் வரை ஒரே வரிசையில் நிறுத்தி, 1988 முதல் 2008 வரை யாருடைய வருமானம் எவ்வளவு வளர்ந்தது என்று பார்த்தார்கள். கோடு பக்கவாட்டில் நிற்கும் யானை போல வந்தது. வாலில் பரம ஏழைகள்; அவர்களுக்கு அதிகம் கிடைக்கவில்லை. உயர்ந்த முதுகில் சீனா, இந்தியா போன்ற ஆசிய நாடுகளின் நடுத்தட்டு. அவர்கள் வருமானம் பெரிதாக வளர்ந்தது. தும்பிக்கை கீழே தொங்கும் இடத்தில் பணக்கார நாடுகளின் தொழிலாளர் வர்க்கம். அவர்களுக்கு ஏறக்குறைய ஒன்றுமே கூடவில்லை. தூக்கிய தும்பிக்கை நுனியில் உலகின் உச்சியில் இருக்கும் 1 சதவீதத்தினர்.

பின்னால் வந்தவர்கள் ஒரு திருத்தம் சொன்னார்கள். தும்பிக்கை அவ்வளவு தாழ்ந்ததற்கு ஜப்பானின் தேக்கமும் சோவியத் ஒன்றியம் சிதறியதும் ஒரு காரணம் என்றார்கள். தேர்வில் இதையும் ஒரு வரி எழுதுங்கள்.

ஏழை நாட்டுத் தொழிலாளிக்கு வணிகத்தால் கூலி ஏறும் என்று பாடப்புத்தகம் சொல்கிறதே? இந்தியாவில் ஏன் அப்படி நடக்கவில்லை?

நீங்கள் சொல்வது 1941-இல் வந்த ஸ்டோல்பர்–சாமுவேல்சன் தேற்றம். ஆட்கள் அதிகம், மூலதனம் குறைவு என்ற நாடு வணிகத்துக்குக் கதவைத் திறந்தால், ஆள்பலம் அதிகம் தேவைப்படும் பொருட்களைத்தான் ஏற்றுமதி செய்யும், அதனால் சாதாரணத் தொழிலாளிக்குக் கிராக்கி கூடும், கூலி ஏறும், ஏற்றத்தாழ்வு குறையும். தர்க்கம் அழகாகத்தான் இருக்கிறது. அது தவறிய இடங்களை ஒவ்வொன்றாகப் பார்ப்போம்.

முதலில், நாம் மட்டும் சந்தைக்கு வரவில்லை. சீனா, இந்தியா, பழைய சோவியத் நாடுகள் எல்லாம் ஏறக்குறைய ஒரே காலத்தில் உள்ளே நுழைந்தன. உலகச் சந்தையில் இருந்த தொழிலாளர் எண்ணிக்கை சுமார் இரு மடங்கானது என்று ரிச்சர்ட் ஃப்ரீமன் கணக்கிட்டார். மூலதனம் அந்த அளவுக்குப் பெருகவில்லை. ஆள் மலிவாகக் கிடைக்கும்போது பேரம் பேசும் பலம் யார் பக்கம் சாயும் என்று சொல்ல வேண்டியதில்லை.

இரண்டாவது, இந்தியாவுக்குத் தேடி வந்த வேலை வேறு. டெக்ஸாஸ் இன்ஸ்ட்ருமென்ட்ஸ் 1985-இல் பெங்களூருக்கு வந்தபோது அது தேடியது பொறியாளர்களை. அதன் பிறகு வந்தவர்களும் அப்படித்தான். சுதந்திரத்துக்குப் பின் நாம் உயர்கல்விக்குப் பணம் போட்டோம்; ஆரம்பப் பள்ளியைக் கைவிட்டோம். அதன் விளைச்சல் இது. அமெரிக்காவில் நடுத்தரத் திறன் என்று எண்ணப்படும் வேலை இங்கே வந்து இறங்கும்போது, இங்கே அது உயர்திறன் வேலை. எனவே இரண்டு பக்கமும் படித்தவருக்கே கிராக்கி ஏறுகிறது.

மூன்றாவது, தொழிலாளி ஒரு துறையில் இருந்து இன்னொன்றுக்கு எளிதாக மாறிவிடுவார் என்று தேற்றம் நினைக்கிறது. பெடியா டோபலோவா இந்திய மாவட்டங்களை ஆராய்ந்தார். இறக்குமதி வரிக் குறைப்பின் தாக்கம் அதிகம் பட்ட கிராமப்புற மாவட்டங்களில் வறுமை மற்ற மாவட்டங்களைவிட மெதுவாகவே குறைந்தது என்று கண்டார். ஆட்கள் இடம் மாறவில்லை என்பதுதான் காரணம். மாறுவது எப்படி? நிலம், சாதி, மொழி, ரேஷன் அட்டை, வயதான பெற்றோர் என்று ஆளைக் கட்டிப்போடும் கயிறுகள் எத்தனை!

கர்நாடகத்தையே பாருங்கள். மாநில உற்பத்தியில் மூன்றில் ஒரு பங்குக்கும் மேல் பெங்களூரு நகர மாவட்டம் ஒன்றே தருகிறது. தனிநபர் வருமானத்தில் கடைசி இடத்தில் கலபுரகி நிற்கிறது. இரண்டுக்கும் ஒரே அரசாங்கம், ஒரே சட்டம்.

பெங்களூரில் இதைக் கண்ணால் காட்ட முடியுமா?

எங்கள் வகுப்புக்கு வரும் ஒரு மாணவனின் அம்மா ஒரு நாள் தன் சம்பளச் சீட்டைக் கொண்டுவந்தார். "சார், இதில் எது எது என்ன என்று இவனுக்குச் சொல்லிக்கொடுங்கள், எனக்கும் தெரிந்துகொள்ள வேண்டும்" என்றார். அடிப்படைச் சம்பளம், பஞ்சப்படி, பி.எஃப். பிடித்தம், இ.எஸ்.ஐ. பிடித்தம். மொத்தம் 13,000 ரூபாய் சொச்சம். பதினைந்து வருடமாகக் காலர் தைக்கிறார். அவர் லைனின் தலைமாட்டில் ஒரு பலகை தொங்குமாம். மணிக்கு இத்தனை பீஸ் என்று டார்கெட் எழுதியிருக்கும். ஒரு மணி நேரத்தில் குறைந்தால் அடுத்த மணிக்கு அது ஏறும். தண்ணீர் குடித்தால் பாத்ரூம் போக வேண்டிவரும் என்று தண்ணீரையே குறைத்துக்கொள்வதாக, அதில் பெரிதாக ஒன்றும் இல்லாதது போல், சொல்லிவிட்டுப் போனார். அதற்குப் பிறகு பாடம் நடத்த எனக்குச் சற்று நேரம் பிடித்தது.

அவர் தைக்கும் சட்டையில் கோக்கும் விலை அட்டை யூரோவில் இருக்கிறது. இப்படிப்பட்ட சட்டை ஒன்றில், தைத்த கைகளுக்குப் போகும் கூலி கடை விலையில் சில சதவீதத்தைத் தாண்டுவது அரிது. மீதி துணி, கப்பல், வரி, கடை வாடகை, விளம்பரம், இலாபம். அவருடைய நாத்தனார் மகள் எலெக்ட்ரானிக் சிட்டியில் வேலை பார்க்கிறாள். அவளுக்கும் வாடிக்கையாளர் ஐரோப்பாவில்தான் இருக்கிறார். சம்பளம் ஏழெட்டு மடங்கு. இருவருமே உலகச் சந்தைக்கு உழைக்கிறார்கள். ஒருத்தி வேலையை விட்டால் அதே திறமையுள்ள இன்னொருத்தியைத் தேட நிறுவனத்துக்கு மாதக்கணக்கில் ஆகும். மற்றவர் விட்டால் மறுநாள் காலை கேட்டில் ஆள் நிற்கும். இந்த வித்தியாசத்துக்குத்தான் சம்பளத்தில் விலை போட்டிருக்கிறது.

கார்மென்ட்ஸ் முதலாளி நினைத்தால் கூலியை ஏற்ற முடியாதா?

கொஞ்சம் முடியும். நிறைய முடியாது. அவருக்கு மேலே இருக்கும் வெளிநாட்டு வாங்குபவர் விலையை முடிவு செய்துவிட்டுத்தான் ஆர்டர் கொடுக்கிறார்.

இதற்கு ஒரு பின்னணி உண்டு. 1974 முதல், எந்த நாடு எவ்வளவு துணி அனுப்பலாம் என்று பணக்கார நாடுகள் கோட்டா வைத்திருந்தன. 2005 ஜனவரி 1-இல் அது முற்றிலும் போனது. அன்றில் இருந்து வாங்குபவர் எங்கே வேண்டுமானாலும் போகலாம். மிகப் பின்தங்கிய நாடுகளுக்கு ஐரோப்பிய ஒன்றியம் 2001 முதல் வரிச் சலுகை தருவதால் வங்கதேசச் சட்டை அங்கே வரியில்லாமல் நுழைகிறது. வியட்நாமுக்கு அதே ஒன்றியத்தோடு வணிக ஒப்பந்தம் 2020 ஆகஸ்டில் நடைமுறைக்கு வந்தது. "டாக்காவில் இதைவிடக் குறைவாகக் கொடுக்கிறார்கள்" என்ற ஒரு வாக்கியம் பேரத்தை முடித்துவிடுகிறது. டாக்காவில் இருக்கும் முதலாளியிடம் வேறொரு ஊரின் பெயரைச் சொல்வார்கள்.

ஆனாலும் தொழிலாளிக்குப் பலமே இல்லை என்று நினைக்காதீர்கள். 2016 ஏப்ரலில், பி.எஃப். பணத்தை இடையில் முழுதாக எடுக்க முடியாது என்று மத்திய அரசு விதி கொண்டுவந்தபோது, பெங்களூரில் ஆயிரக்கணக்கான கார்மென்ட்ஸ் பெண்கள் ஓசூர் சாலையிலும் தும்கூர் சாலையிலும் இறங்கி உட்கார்ந்தார்கள். பெரிய சங்கம் எதுவும் அழைக்கவில்லை. இரண்டே நாளில் நாடு முழுவதுக்கும் அந்த விதி திரும்பப் பெறப்பட்டது. என் மாணவர்களில் சிலருடைய அம்மாக்கள் அந்தக் கூட்டத்தில் இருந்தார்கள். அதைப் பற்றிப் பேசும்போது இன்றும் அவர்கள் குரல் மாறும்.

1991-க்கு முன்னால் எல்லோரும் சமமாக இருந்தோமா?

உச்சியில் இருந்தவர்கள் இன்றைக்கு இருக்கும் உயரத்தில் இல்லை என்பது உண்மை. 1980-களின் தொடக்கத்தில் நாட்டு வருமானத்தில் மேல் 1 சதவீதத்தினரின் பங்கு சுமார் 6 சதவீதம். 2022-23-இல் அது 22.6 சதவீதம், சொத்தில் அவர்கள் பங்கு 40.1 சதவீதம். இது நிதின் குமார் பாரதி, லூகாஸ் சான்செல், தாமஸ் பிக்கெட்டி, அன்மோல் சோமாஞ்சி ஆகியோரின் கணக்கு.

பெங்களூரின் பழைய தலைமுறை எச்.ஏ.எல்., ஐ.டி.ஐ., எச்.எம்.டி. என்று அரசுத் தொழிற்சாலைகளின் பெயரைச் சொல்லிப் பெருமூச்சு விடுவதில் அர்த்தம் உண்டு. குவார்ட்டர்ஸ், பள்ளிக்கூடம், கம்பெனி பஸ், ஓய்வூதியப் பலன்கள் எல்லாம் இருந்தன. எச்.எம்.டி. கைக்கடிகாரம் கட்டாத மாப்பிள்ளை இல்லை என்ற காலம் அது. ஆனால் அந்த கேட்டுக்குள் நுழைந்தவர்கள் கொஞ்சம் பேர். வெளியே இருந்தவர்களுக்கு அரை வயிற்றுக் கஞ்சி. அதையும் சேர்த்துத்தான் நினைவுகூர வேண்டும்.

கோலார் தங்கவயலை இங்கே சொல்லாமல் போக எனக்கு மனம் வரவில்லை. 1880-களில் இருந்து தமிழர்கள் போய்ப் பூமிக்கடியில் உழைத்த ஊர். தாதுவில் தங்கம் குறைந்துகொண்டே வந்தது. ஒரு கிராம் எடுக்கும் செலவு உலகச் சந்தை விலையைத் தாண்டி எங்கோ போய்விட்டது. 2001 பிப்ரவரி 28-இல் சுரங்கத்தை மூடினார்கள். அங்கிருக்கும் ஆயிரக்கணக்கானோர் இன்றும் விடியும் முன்னே மாரிக்குப்பத்தில் ரயிலேறி, பெங்களூருக்கு வந்து வேலை பார்த்துவிட்டு, இரவு திரும்புகிறார்கள். சுரங்கத்தில் அப்பா இறங்கிய ஆழத்தைப் பெருமையாகச் சொல்லும் பிள்ளைகள் இங்கே ஏ.டி.எம். வாசலில் காவல் இருக்கிறார்கள். பழைய வேலை போனால் சந்தை புதிய வேலையைக் கொடுத்துவிடும் என்பார்கள். கொடுக்கத்தான் செய்தது. எப்படிப்பட்ட வேலை என்பதை அந்த ரயிலில் ஒரு நாள் போய்வந்தால் தெரியும்.

இந்தியாவில் ஏற்றத்தாழ்வு மிகக் குறைவு என்று செய்தி வந்ததே?

இரண்டு வெவ்வேறு அளவுகோல்களால் வரும் குழப்பம். கினிக் குறியீடு 0 என்றால் முழுச் சமத்துவம், 100 என்றால் எல்லாமே ஒருவர் கையில். 2022-23 நுகர்வுச் செலவை வைத்துப் பார்த்தால் இந்தியாவின் கினி 25.5, அது 2011-12-இல் 28.8 ஆக இருந்தது. செய்தி வந்தது இதை வைத்துத்தான். வருமானத்தை வைத்துப் பார்க்கும் உலக ஏற்றத்தாழ்வுத் தரவுத்தளம், 2004-இல் 52 ஆக இருந்த கினி 2023-இல் 62 ஆக ஏறியதாகச் சொல்கிறது.

கோடீஸ்வரர் தன் வருமானத்தில் சிறு துளியைத்தான் செலவு செய்கிறார். ஏழை முழுவதையும் செலவு செய்கிறார். ஆகவே செலவை வைத்து அளந்தால் இடைவெளி சிறிதாகத்தான் தெரியும். பெரும் பணக்காரர் வீட்டுக் கதவு கணக்கெடுப்பவருக்கு எளிதில் திறப்பதும் இல்லை. செலவுக் கணக்கை வருமானக் கணக்காக எண்ணி மகிழ்வது சரியல்ல என்பது என் கருத்து. அதே நேரம், கீழ்த்தட்டில் நுகர்வு உயர்ந்திருப்பதும் மெய்தான். ரேஷன் அரிசிக்கும் அதில் பங்கு உண்டு.

இதற்கெல்லாம் காரணம் வணிகமா, இயந்திரமா?

சர்வதேச நாணய நிதியம் 2007-இல் வெளியிட்ட ஆய்வு தொழில்நுட்பத்துக்கே பெரிய பங்கு என்றது. பொருள் வணிகம் ஏற்றத்தாழ்வைச் சற்றுக் குறைத்ததாகவும், வெளிநாட்டு மூலதனம் கூட்டியதாகவும் சொன்னது. ஆனால் இரண்டையும் பிரித்துப் பார்ப்பது கடினம். இயந்திரம் வந்ததே உலகமயமாக்கலின் கப்பலில்தானே.

அமெரிக்கத் தொழிலாளியின் வேலையை ஆசியா பறித்துக்கொண்டதா?

ஒரு பகுதி உண்மை. 2001 டிசம்பரில் சீனா உலக வர்த்தக அமைப்பில் சேர்ந்தது. டேவிட் ஆட்டர், டேவிட் டார்ன், கோர்டன் ஹான்சன் ஆகியோர் ஆராய்ந்ததில், சீன இறக்குமதி குவிந்த ஊர்களில் ஆலைகள் மூடி, பத்தாண்டு கடந்தும் வேலையும் கூலியும் மீளவில்லை என்று தெரிந்தது. மொத்த அமெரிக்காவுக்கு இலாபம். அந்த ஊருக்கு நட்டம். இலாபம் பெற்றவர்கள் நட்டப்பட்டவர்களுக்கு ஈடு கொடுத்திருக்கலாம். கொடுக்கவில்லை. அந்தக் கோபம் வாக்குப்பெட்டி வழியாக உலகத்தையே சுற்றி வந்தது. 2025 ஆகஸ்டில் இந்தியப் பொருட்கள் பலவற்றின் மீது அமெரிக்கா 50 சதவீத வரி விதித்தபோது திருப்பூரில் தறியும் தையலும் தடுமாறியது அதன் ஒரு கிளை.

ஆட்களும் எல்லை தாண்டிப் போக முடிந்தால் ஏற்றத்தாழ்வு குறையுமா?

நிச்சயம். ஒருவர் வருமானத்தை அவர் படிப்பைவிட, உழைப்பைவிட, பிறந்த நாடே பெருமளவு தீர்மானிக்கிறது என்பது மிலனோவிச்சின் முடிவு. ஒரே பஸ்ஸை ஒரே திறமையோடு ஓட்டுபவருக்கு பெங்களூரு மெஜஸ்டிக் பஸ் நிலையத்தில் ஒரு சம்பளம், லண்டனில் பல மடங்கு. ஆனால் பணக்கார நாடுகள் சட்டைக்குத் திறந்த கதவைத் தைத்தவருக்குத் திறக்கவில்லை. இதை அநீதி என்றுதான் நான் சொல்வேன்.

வேறு நாடுகள் எப்படிச் சமாளித்தன?

தென் கொரியாவும் தைவானும் ஏற்றுமதிக்குப் போகும் முன்பே நிலச் சீர்திருத்தம் செய்தன. எல்லோரையும் பள்ளிக்கு அனுப்பின. அதனால் வளர்ச்சி வந்தபோது வாங்கிக்கொள்ள எல்லோர் கையிலும் பாத்திரம் இருந்தது. பிரேசில் 2000-களில் உலகச் சந்தையோடு ஒட்டி இருந்துகொண்டே ஏற்றத்தாழ்வைக் குறைத்தது. குறைந்தபட்சக் கூலியை உயர்த்தியதும், 2003-இல் தொடங்கிய குடும்ப உதவித்தொகைத் திட்டமும் அதற்குக் கைகொடுத்தன. உலகமயமாக்கல் என்றாலே ஏற்றத்தாழ்வுதான் என்று கைவிரிப்பவர்களுக்கு நான் காட்டுவது இந்த நாடுகளை.

பணக்காரர் மீது வரி போட்டால் அவர்கள் வெளிநாடு போய்விட மாட்டார்களா?

அந்தப் பயத்தாலேயே நாடுகள் போட்டி போட்டு வரியைக் குறைத்தன. இந்தியா வாரிசு வரியை 1985-இலும், செல்வ வரியை 2015 பட்ஜெட்டிலும் கைவிட்டது. 2019 செப்டம்பரில் கம்பெனி வரியை 30-இல் இருந்து 22 சதவீதமாகக் குறைத்தது. இந்தப் போட்டிக்கு அணை போட, பன்னாட்டு நிறுவனங்களுக்குக் குறைந்தது 15 சதவீத வரி என்று 2021-இல் 130-க்கும் மேற்பட்ட நாடுகள் ஒப்புக்கொண்டன. நடைமுறையில் அதில் ஓட்டைகள் உண்டு. ஆனாலும் நாடுகள் கூடிப் பேசினால் இது ஆகக்கூடிய காரியம் என்பது தெரிந்துவிட்டது.

டெலிவரி வேலைக்குப் பாதுகாப்பு ஏதாவது உண்டா?

கர்நாடகம் 2025-இல் தனிச் சட்டம் இயற்றியிருக்கிறது. ஒவ்வொரு பரிவர்த்தனையிலும் தொழிலாளிக்குக் கொடுக்கும் தொகையில் 1 முதல் 5 சதவீதம் வரை நல நிதிக்குச் செயலி நிறுவனம் கட்ட வேண்டும். பதிவு செய்துகொள்ளுங்கள் என்று வண்டி ஓட்டும் அண்ணன்மாரிடம் சொல்லுங்கள்.

ஆர்டர் வேறு நாட்டுக்குப் போய், அம்மாவின் தொழிற்சாலையை மூடிவிட்டால் என்ன கிடைக்கும்?

இந்தக் கேள்வியைக் கேட்டவன் அந்தச் சம்பளச் சீட்டு அம்மாவின் மகன். ஆட்குறைப்பு இழப்பீடாக, முடித்த ஒவ்வோர் ஆண்டுக்கும் 15 நாள் சராசரிச் சம்பளம். ஐந்தாண்டு முடித்தவருக்குத் தனியாகப் பணிக்கொடை; அதுவும் ஆண்டுக்கு 15 நாள் சம்பளக் கணக்கு. பி.எஃப். பணம் அவருடையது, யாரும் தொட முடியாது. பதினைந்து வருடம் என்றால் சிறிய தொகை இல்லை. ஆனால் எத்தனை வருடம் வேலை பார்த்தார் என்பதற்குத் தாள் வேண்டும். இடையில் ஒரு முறை கணக்கை முடித்து, புதிதாகச் சேர்ந்தது போலக் காட்டிவிட்டால் பழைய வருடங்கள் காற்றோடு போய்விடும்.

அடுத்த ஞாயிறு அவர் மகனிடம் ஒரு பிளாஸ்டிக் கவர் கொடுத்தனுப்பினார். உள்ளே முதல் மாதத்தில் இருந்து எல்லாச் சம்பளச் சீட்டும், வருட வாரியாக ரப்பர் பேண்டு போட்டு அடுக்கி வைத்திருந்தது. நாங்கள் தரையில் விரித்து எண்ணினோம். இரண்டு மாதச் சீட்டு மட்டும் குறைந்தது.